இரண்டு படங்களின் ஆயுள்: ருத்ரையா பற்றிச் சில குறிப்புகள்

ஒரு கலைஞனின் வரலாற்றை எழுத முற்படும்போது நம் கை முதலில் எண்ணிக்கையை நோக்கியே போகிறது. எத்தனை நூல்கள், எத்தனை படங்கள், எத்தனை ஆண்டுகள் என்று கணக்கெடுத்த பின்னரே தரத்தைப் பற்றிப் பேசத் துணிகிறோம். இந்த அளவுகோலை வைத்துப் பார்த்தால் சி. ருத்ரையாவுக்குத் தமிழ்த் திரைப்பட வரலாற்றில் அரைப் பக்கம்கூடக் கிடைக்காது. அவருடையவை இரண்டே படங்கள். முதலாவது 1978-இல் வந்தது, இரண்டாவது 1980-இல். அதற்குப் பின் 2014 நவம்பர் 18 அன்று அவர் மறையும்வரை 34 ஆண்டுகள் அவர் இயக்கிய படம் எதுவும் திரைக்கு வரவில்லை. ஆயினும் தமிழில் திரைப்படம் பற்றி நாலு பேர் கூடிப் பேசும் இடங்களில் எல்லாம் அவர் பெயர் எப்படியோ வந்து சேர்ந்துவிடுகிறது. இது எவ்வாறு நிகழ்ந்தது என்பதை ஆராய்வது, எழுத்தைத் தொழிலாகக் கொள்ளாமல் உயிர்ப்பாகக் கொண்ட நம் போன்ற வட்டத்தினருக்குப் பயன் தரும் என்று கருதியே இக்கட்டுரையை எழுதுகிறேன்.

நம் மலைச்சரிவில் வேலை செய்தவர்களுக்கு ஒரு செய்தி தெரியும். ஏலச்செடி ஆளுயரத்தையும் தாண்டி வளர்கிறது. காய் பிடிப்பது உச்சியில் அல்ல, தூரில். சரம் மண்ணோடு மண்ணாகப் படர்ந்து கிடக்கிறது. செடியை அண்ணாந்து பார்ப்பவனுக்குத் தழை மட்டுமே தெரியும்; குனிந்து தேடுபவனுக்கே காய் கிடைக்கும். ருத்ரையாவையும் அப்படித்தான் தேட வேண்டியிருக்கிறது.

1. பின்புலம்

சேலம் மாவட்டத்து ஆத்தூர்ப் பகுதியைச் சேர்ந்தவர் ருத்ரையா. சென்னை அடையாற்றுத் திரைப்படக் கல்லூரியில் பயின்றவர். நாடக மேடையிலிருந்தும் படப்பிடிப்புத் தளத்து உதவியாளர் நிலையிலிருந்தும் ஏறி வந்தவர்களே பெரும்பாலும் இயக்குநர்களாக இருந்த காலம் அது. கல்லூரியில் படித்து, உலகப் படங்களைப் பார்த்து, விவாதித்து, அந்த விவாதத்தின் சூட்டோடு படமெடுக்க வந்தவர்கள் மிகச் சிலர். அவர்களுள் ருத்ரையா ஒருவர். அவருடைய முதற் படத்தின் ஒளிப்பதிவைச் செய்த நல்லுசாமியும் எம்.என். ஞானசேகரனும் அதே தலைமுறை இளைஞர்கள்.

அண்டை மாநிலங்களின் நிலையையும் இங்கே நினைவுகூர வேண்டும். கன்னடத்தில் 1970-இல் ‘சம்ஸ்காரா’வும் மலையாளத்தில் 1972-இல் அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘சுயம்வர’மும் வந்து புதிய பாதை திறந்திருந்தன. தமிழில் அந்தப் பாதையை வெகு முன்பே வெட்டத் தொடங்கியவர் ஓர் எழுத்தாளர். ஜெயகாந்தன் தம் கதையைத் தாமே ‘உன்னைப்போல் ஒருவன்’ என்று 1965-இல் படமாக்கினார். அடுத்த ஆண்டே ‘யாருக்காக அழுதா’னையும் எடுத்தார். ஆனால் அவர் வெட்டிய பாதையில் உடனே ஆள் நடமாட்டம் ஏற்படவில்லை. 1977-இல் ஜான் ஆபிரகாம் ‘அக்ரகாரத்தில் கழுதை’யை எடுத்தார்; அதன் எழுத்துப் பிரதி வெங்கட் சாமிநாதனுடையது. இவ்வாறு இலக்கியத்துக்கும் திரைக்கும் இடையே இருந்த குறுகலான ஒற்றையடிப் பாதையில்தான் ருத்ரையாவும் நடந்து வந்தார்.

அவர் முதலில் படமாக்க விரும்பியது தி. ஜானகிராமனின் ‘அம்மா வந்தாள்’ நாவலை. அது கைகூடவில்லை. அந்த விருப்பத்திலேயே அவர் எப்படிப்பட்டவர் என்பது வெளிப்பட்டுவிடுகிறது. வழக்கத்துக்கு மாறான ஒரு பெண்ணை, தீர்ப்புச் சொல்லாமல், பக்கத்தில் நின்று பார்க்க வேண்டும் என்ற வேட்கை அவருக்கு ஆரம்பத்திலேயே இருந்திருக்கிறது. நாவல் கைவிட்டுப்போன பின்னரும் அந்த வேட்கை போகவில்லை. அதுவே ‘அவள் அப்படித்தான்’ ஆயிற்று.

2. 1978-ஆம் ஆண்டு தீபாவளி

1978 தமிழ்த் திரைக்கு ஒரு விளைச்சல் ஆண்டு. ‘முள்ளும் மலரும்’, ‘கிழக்கே போகும் ரயில்’, ‘சிகப்பு ரோஜாக்கள்’ ஆகிய மூன்றும் அந்த ஓராண்டில் வந்தவை. தீபாவளிக்கு வந்த படங்களுள் ஒன்றாக ‘அவள் அப்படித்தான்’ வெளியாயிற்று. வண்ணப் படங்கள் பெருகிவிட்ட நிலையில் இது கறுப்பு வெள்ளையில் வந்தது. கமல்ஹாசன், ரஜினிகாந்த், ஸ்ரீபிரியா என்ற மூன்று பெரிய முகங்களை வைத்துக்கொண்டும் ஒரு சண்டைக் காட்சி இல்லை. கூட்டாக ஆடும் ஆட்டம் இல்லை. ‘குமார் ஆர்ட்ஸ்’ என்ற பெயரில் ருத்ரையாவே தயாரித்தார். எழுதுவது, தயாரிப்பது, இயக்குவது என்ற மூன்று சுமைகளையும் முதல் முயற்சியிலேயே ஒருவர் தலையில் ஏற்றிக்கொண்டது துணிச்சல் என்றே சொல்ல வேண்டும். பின்னால் அவரை முடக்கிப் போட்டதில் அந்தச் சுமைக்கும் ஒரு பங்கு இருந்திருக்கக்கூடும்.

கதை சிறியது. பெண்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கச் சென்னைக்கு வருகிறான் அருண். அவனுடைய நண்பன் தியாகு ஒரு விளம்பர நிறுவனத்தை நடத்துகிறான். பெண்களைப் பற்றிய தன் இளக்காரத்தை மறைக்காதவன். அந்நிறுவனத்தில் வேலை பார்க்கும் மஞ்சு அருணுக்கு உதவியாக வருகிறாள். அவள் ஏற்கெனவே ஆண்களை நம்பி ஏமாந்தவள். நாவில் முள்ளோடு பேசுகிறவள். அருணின் பரிவு அவளை மெல்ல இளக்குகிறது. ஆனால் அவள் தன் மனத்தை வெளிப்படுத்தத் தயங்கிக்கொண்டிருக்கும்போதே அருண் வேறொரு பெண்ணை மணந்துகொண்டு வந்து நிற்கிறான். கடைசியில் மஞ்சு அந்தப் புதுமணப் பெண்ணிடம் பெண் விடுதலையைப் பற்றி என்ன நினைக்கிறாய் என்று கேட்கிறாள். தனக்கு ஒன்றும் தெரியாது என்கிறாள் அந்தப் பெண். கார் போய்விடுகிறது, மஞ்சு தெருவில் நிற்கிறாள்.

இந்தக் கதையில் வில்லன் கிடையாது என்பதைக் கவனிக்க வேண்டும். பெண்களை ஏளனம் செய்யும் தியாகுவைவிடப் பெண்களுக்காகப் படமெடுக்கும் அருணே இறுதியில் நம்மை அதிகம் சங்கடப்படுத்துகிறான். தியாகு சொன்னதை மறைக்கவில்லை. அருணோ விடுதலையைப் பற்றி விசாரித்துவிட்டு, அந்தச் சொல்லையே கேட்டறியாத ஒருத்தியைத் தேர்ந்துகொள்கிறான். முற்போக்கு ஆண்மகனின் உள்ளத்தில் இருக்கும் இந்த இரட்டைக் கணக்கை அதற்கு முன் தமிழ்த் திரை இவ்வளவு அமைதியாகக் காட்டியதில்லை. கே. பாலசந்தர் 1973-இல் ‘அரங்கேற்ற’த்திலும் 1974-இல் ‘அவள் ஒரு தொடர்கதை’யிலும் வேலைக்குப் போகும் பெண்ணின் துயரத்தைக் காட்டியிருந்தார். அங்கே பெண் குடும்பத்துக்காகத் தேய்கிறாள். தியாகம் அவளுக்கு ஒரு நியாயத்தைத் தந்துவிடுகிறது. மஞ்சுவுக்கு அந்த நியாயமும் இல்லை. அவள் யாருக்காகவும் தேயவில்லை. தன் கோபத்தோடு தானாக இருக்க விரும்புகிறாள், அவ்வளவே. தியாகம் செய்யாத பெண்ணை மதிப்பது எப்படி என்ற கேள்வியைப் பார்வையாளனின் மடியில் போட்டுவிட்டுப் படம் முடிந்துவிடுகிறது.

3. ஒரு கூட்டு எழுத்து

இப்படத்தைப் பற்றிப் பேசுவோர் பலரும் இயக்குநரை மட்டும் சொல்லி நிறுத்திவிடுகிறார்கள். அதன் எழுத்துப் பகுதியில் அனந்து, பின்னாளில் கே. ராஜேஷ்வர் என்று அறியப்பட்ட சோமசுந்தரேஸ்வர், வண்ணநிலவன் ஆகியோர் ருத்ரையாவோடு சேர்ந்து உழைத்தார்கள் என்பது நம் போன்றோர் அழுத்திச் சொல்ல வேண்டிய செய்தி. அனந்து, பாலசந்தரின் குழுவைச் சேர்ந்தவர். இளம் கலைஞர் பலருக்கு உலகப் படங்களை அறிமுகம் செய்தவர். வண்ணநிலவனோ ‘கடல்புரத்தில்’ நாவலின் ஆசிரியர். சிறுபத்திரிகை வாசகர் சிலருக்கு மட்டும் தெரிந்திருந்த ஓர் உரைநடைக் கலைஞர், தீபாவளிக்கு வரும் ஒரு படத்தின் வசனத்தில் கை வைத்தார் என்றால் அந்த நாளின் வாய்ப்பு எத்தகையது என்பதை எண்ணிப் பாருங்கள்.

அந்த வசனங்களின் இயல்பு தனித்தது. மேடைத் தமிழின் முழக்கம் இல்லை, அடுக்குமொழி இல்லை. படித்த சென்னைக்காரர்கள் அலுவலகத்திலும் அறையிலும் பேசிக்கொள்ளும் பேச்சு; பாதியில் நின்றுபோகும் வாக்கியங்கள்; பதில் சொல்லாமல் விடப்படும் கேள்விகள். நல்ல சிறுகதையில் எழுதாமல் விட்ட வரி எவ்வாறு வேலை செய்யுமோ அவ்வாறு இப்படத்தில் பேசாமல் விட்ட சொல் வேலை செய்கிறது. அருண் பெண்களைப் பேட்டி காணும் பகுதிகளில் படம் ஏறக்குறைய ஆவணப்படமாகவே மாறிவிடுகிறது. பின்னாளில் தொலைக்காட்சி நமக்குப் பழக்கிவிட்ட தெருமுனைப் பேட்டியின் வடிவத்தை, கதைப்படத்துக்குள் ஒரு விமரிசனக் கருவியாக அன்றே பயன்படுத்தியிருக்கிறார்கள். கதை, ஆவணம், விளம்பரம் என்ற மூன்று வகைப் படக்கலையும் ஒரே படத்துக்குள் ஒன்றையொன்று கேலி செய்துகொண்டு இயங்குகின்றன. ருத்ரையாவின் பன்முகத் திறன் என்று நான் கருதுவது இதைத்தான். பல துறைகளில் கால் வைத்ததை அல்ல. பல வடிவங்களை ஒரே கையில் பிடித்திருந்ததை.

4. பண்ணைப்புரத்துப் பங்கு

போடியிலிருந்து தேவாரம் வழியாகத் தெற்கே போகும் சாலையில், மலையை வலக்கைப் பக்கம் வைத்துக்கொண்டே பயணம் செய்தால் பண்ணைப்புரம் வருகிறது. அந்த ஊரின் பாவலர் வரதராஜன், பொதுவுடைமை மேடைகளில் பாடியவர். 1958-இல் தேவிகுளம் இடைத்தேர்தலின்போது இந்த மலைச்சரிவின் தோட்டத் தொழிலாளரிடையே பாடிப் பிரசாரம் செய்தவர். அப்போது சிறுவர்களாக இருந்த அவருடைய தம்பியர் பின்னர் இளையராஜா என்றும் கங்கை அமரன் என்றும் பெயர் பெற்றார்கள். 1976-இல் ‘அன்னக்கிளி’ வந்தது. அதற்குப் பின் இரண்டே ஆண்டுகளில் அவர்கள் ருத்ரையாவின் படத்துக்கு வந்து சேர்ந்தார்கள்.

இளையராஜாவின் இசையில் இப்படத்துக்கு மூன்று பாடல்கள் அமைந்தன. ‘உறவுகள் தொடர்கதை’யையும் ‘பன்னீர் புஷ்பங்களே’யையும் கங்கை அமரன் எழுதினார், முன்னதை யேசுதாஸ் பாடினார், பின்னதைக் கமல்ஹாசனே பாடினார். ‘வாழ்க்கை ஓடம் செல்ல’ கண்ணதாசன் எழுதி எஸ். ஜானகி பாடியது. மேடையில் தோட்டத் தொழிலாளருக்காக ஆர்மோனியத்தோடு பாடிய ஒரு குடும்பத்தின் இளையவர், நகரத்து அறையொன்றில் உடைந்து கிடக்கும் ஒரு பெண்ணுக்காக ஆறுதல் வரிகளை எழுத நேர்ந்தது. கூட்டத்தை நோக்கிப் பாடிய மரபு, தனி ஒருத்தியின் காதருகே குனிந்து பேசக் கற்றுக்கொண்ட இடம் அது. நம் பகுதிக் கவிஞர்கள் இதை ஆராய வேண்டும். உரத்த குரலில் தொடங்கியவர்கள் தாழ்ந்த குரலுக்கு எவ்வாறு வருகிறார்கள் என்பது நம்மில் பலருடைய சொந்தப் பிரச்சினை அல்லவா?

5. மலைச்சரிவிலிருந்து ஒரு கேள்வி

நான் இப்படத்தை முதலில் பார்த்தது நம் ஊர்க் கொட்டகையில், இரண்டாம் ஓட்டத்தில். இரு நடிகர்களின் முகங்களைச் சுவரொட்டியில் பார்த்துவிட்டு வந்த இளைஞர் கூட்டத்தில் நானும் ஒருவன். முதல் அரைமணி நேரம் சீழ்க்கை ஒலித்தது. பிறகு முணுமுணுப்பு. இடைவேளைக்குப் பின் பாதிப் பேர் இல்லை. எஞ்சியவர்கள் பேசாமல் உட்கார்ந்திருந்தோம். வெளியே வரும்போது ஒரு பெரியவர் சொன்னார்: “பொம்பளைக்கு இம்புட்டு வாய் ஆகாதுப்பா.” நான் அதை மறுத்துப் பேசவில்லை. மறுக்கத் தெரியாதவனாக இருந்தேன்.

மறுநாள் விடியற்காலையில் எங்கள் தெருமுனையில் வழக்கம்போல் ஜீப்புகள் வந்து நின்றன. தலையில் துண்டும் கையில் தூக்குவாளியுமாகப் பெண்கள் ஏறிக்கொண்டார்கள். காய் எடுக்கப் போடிமெட்டுக்கு அப்பால் மலைத் தோட்டங்களுக்குப் போகிறவர்கள். வேலைக்குப் போகும் பெண் என்பது சென்னையில் 1970-களின் புதுமையாக இருக்கலாம். இந்தச் சரிவில் அவள் தலைமுறை தலைமுறையாக இருந்து வருகிறாள். சம்பாதிக்கிறாள், வீட்டைத் தாங்குகிறாள். ஆனால் ஜீப் மேலே ஏறிய பிறகு தெருவில் நின்றவர்கள் அவர்களைப் பற்றிப் பேசிய பேச்சு, தியாகு தன் அலுவலகத்தில் பேசிய பேச்சுத்தான். முந்தின இரவு அந்தப் பேச்சைத் திரையில் கேட்டிராவிட்டால் அன்று காலை அது என் காதில் விழுந்திருக்காது. அத்தனை நாளும் கேட்டுக்கொண்டுதானே இருந்தேன்!

ஆகவே இது நகரத்து மேட்டுக்குடிப் படம், நமக்கு அந்நியமானது என்று சொல்வோரோடு நான் உடன்படுவதில்லை. அதே வேளையில் அவர்கள் சொல்வதில் ஒரு பாதி உண்மை உண்டு. மஞ்சுவின் துயரம் முழுவதும் காதலின் துயரமாகவே இருக்கிறது. கூலி, நிலம், சாதி என்ற மூன்றும் படத்தின் வாசலுக்கு வெளியே நின்றுவிட்டன. ஜீப்பில் ஏறும் பெண்ணிடம் அருண் தன் ஒலிவாங்கியை நீட்டியிருந்தால் அவன் கேள்விகள் தடுமாறியிருக்கும். இந்தக் குறையை ருத்ரையா உணர்ந்திருப்பாரோ என்று எண்ணத் தோன்றுகிறது. ஏனெனில் அடுத்த படத்துக்கு அவர் கிராமத்தைத் தேர்ந்துகொண்டார்.

6. இரண்டாம் படமும் மௌனமும்

‘அவள் அப்படித்தான்’ வந்தவுடன் வெற்றி பெறவில்லை. சென்னைக்கு வந்திருந்த வங்க இயக்குநர் மிருணாள் சென் பாராட்டிய பின்னரே விமரிசகரும் ரசிகரும் அதன்பால் திரும்பினார்கள் என்று அக்காலத்தவர் சொல்வதுண்டு. தமிழக அரசின் விருதுகளில் இரண்டாவது சிறந்த படம் என்ற பரிசும் ஒளிப்பதிவுக்கான பரிசும் அதற்குக் கிடைத்தன. 2013-இல் ஓர் ஆங்கிலச் செய்தித் தொலைக்காட்சி இந்தியாவின் தலைசிறந்த 100 படங்களைப் பட்டியலிட்டபோது அதில் இதுவும் இடம்பெற்றது. கொட்டகையில் பாதியில் எழுந்து போனவர்களின் பிள்ளைகள் அதைத் தொலைக்காட்சியிலும் ஒளிநாடாவிலும் கைப்பேசியிலும் தேடிப் பார்த்தார்கள்.

1980-இல் வந்த ‘கிராமத்து அத்தியாயம்’ இத்தகைய மறுபிறப்பைப் பெறவில்லை. பெரிய நட்சத்திரங்கள் இல்லாமல் எடுத்த படம். இளையராஜாவின் ‘ஆத்து மேட்டுல’ பாடல் மட்டும் வானொலி வழியாக ஊர் ஊராகப் போயிற்று. படம் போகவில்லை. அதற்குப் பின் ருத்ரையாவின் முயற்சி எதுவும் திரைக்கு வந்து சேரவில்லை.

ஏன் என்ற கேள்விக்குப் பலர் பல விதமாக விடை சொல்வார்கள். என் எண்ணத்தில் படுவது இது. 1979-இல் மகேந்திரனுக்கு ‘உதிரிப்பூக்கள்’ இருந்தது. பாலு மகேந்திராவுக்கு ‘அழியாத கோலங்கள்’ இருந்தது. துரைக்குப் ‘பசி’ இருந்தது. அவர்கள் எல்லோரும் வணிகச் சந்தையோடு ஏதோ ஒரு வகையில் பேரம் பேசி நின்றார்கள். கேரளத்திலும் கர்நாடகத்திலும் திரைப்படச் சங்கங்களும் அரசு உதவியும் தனிவழிக் கலைஞனைத் தாங்கிப் பிடித்தன. தமிழில் அந்தத் தாங்கு கட்டை பலவீனமாக இருந்தது. தாமே முதலீட்டாளராகவும் இருந்த ஒருவர் தோற்றுவிட்டால் அவருக்குப் பின்னால் நின்று பிடிக்க யாரும் இல்லை. தோல்வி என்பது கலைஞனுடையது மட்டும் அல்ல. அவனைச் சுற்றி ஒரு வட்டம் இல்லாமல் போனதன் தோல்வியும்கூட.

7. வட்டம் என்பது எதற்கு?

இந்த இடத்தில்தான் இக்கட்டுரை நம்மை நோக்கித் திரும்புகிறது. பத்தாண்டுகளாக நாம் கூடி வருகிறோம். ஒரே தொகுப்போடு எழுதுவதை நிறுத்திக்கொண்ட கவிஞர்கள் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்களைப் பற்றிப் பேசும்போது நாமும் “ஏன் அடுத்தது வரவில்லை?” என்றே கேட்கிறோம். அந்த ஒரு தொகுப்பை மீண்டும் எடுத்துப் படித்தவர்கள் நம்மில் எத்தனை பேர்?

ருத்ரையாவை இரண்டாம் தலைமுறைக்குக் கொண்டு சேர்த்தவை விருதுகள் அல்ல. ஒருவர் மற்றொருவரிடம் “அதைப் பார்த்திருக்கிறாயா?” என்று கேட்ட கேள்விதான் கொண்டு சேர்த்தது. 2018 ஆகஸ்டில் லெனின் பாரதியின் ‘மேற்குத் தொடர்ச்சி மலை’ வந்தபோது, நம் சரிவின் மூட்டை தூக்கும் பாதைகளும் நிலமற்ற ஒருவனின் நிலக்கனவும் திரையில் நிற்பதைப் பார்த்தோம். இசை அதே பண்ணைப்புரத்து இளையராஜா. அன்று எனக்கு 1978 நினைவுக்கு வந்தது. அருண் நீட்டாமல் விட்ட ஒலிவாங்கியை 40 ஆண்டுகள் கழித்து வேறொருவர் நம் மக்கள் பக்கம் நீட்டியிருக்கிறார் என்று தோன்றியது. தனித்து நின்றதாக நாம் நினைக்கும் படைப்புகளுக்குள் இப்படி ஓர் உறவு இருக்கிறது. அதைப் பார்த்துச் சொல்ல ஆள் வேண்டும். வட்டம் அதற்குத்தான்.

குறைவாகச் செய்தவரைக் குறைபட்டவர் என்று கொள்ளாமல், செய்ததை முழுமையாகப் பார்க்கக் கற்போம். அடுத்த ஆண்டு முதல் நம் கூட்டங்களில் ஒன்றையாவது, ஒரே நூலோடு நின்றுவிட்ட ஒருவரின் அந்த ஒரு நூலுக்கென்று ஒதுக்கலாம் என்பது என் வேண்டுகோள். அவர் உயிரோடு இருந்தால் அவரையும் அழைத்து உட்கார வைத்துப் படிப்போம். ருத்ரையாவுக்கு அப்படி ஒரு மாலைப்பொழுதை நம் ஊரில் நாம் அமைத்துத் தரவில்லை. அவர் 2014 வரை இருந்தார்.